தொடாதீங்க, அண்ணி

போன வார அத்தியாயத்தில் தச்சனும் அவன் மனைவியும் ஆளுக்கொரு சுவரைப் பார்த்துப் படுத்ததோடு விட்டிருந்தோம். சண்டைக்குக் காரணம் ஒரு பலகை.

பாத்திரம் கழுவும் மெஷினின் முகத்தில் மாட்டுவதற்கு, சமையலறை அலமாரிகளின் நிறத்திலேயே செய்த பேனல் அது. "யாரோ ஒரு டாக்டர் வீட்டுக்கு" என்று சொல்லித்தான் தச்சன் அதைத் தன் மனைவியிடம் கொடுத்திருந்தான். விளிம்புப் பட்டை ஒட்டுவதும் உப்புத்தாள் போட்டு இழைப்பதும் பட்டறையில் அவள் வேலை. டாக்டர் வீடாயிற்றே என்று ஒரு சுற்று கூடுதலாகவே இழைத்தாள். அந்தப் பலகை போய்ச் சேர்ந்தது தச்சனுடைய அக்கா வீட்டுக்கு என்பது நேற்றுச் சாயங்காலம்தான் வெளியே வந்தது.

அந்த அக்காவும் இவளும் முகம் பார்த்துப் பேசி வருஷக்கணக்காகிறது. தம்பி தனிக்குடித்தனம் போன அன்று, "என் தம்பிமேல ஒட்டின கோந்து இவ. பிச்சாலும் வராது" என்றாள் நாத்தனார். வசவாகப் பிறந்த அந்தப் பெயரைத் தச்சன் கொஞ்சலாக்கினான். இன்று மரக்கடைக்காரர்கூட இவளைக் கோந்தம்மா என்றுதான் கூப்பிடுகிறார். "இனிமே என் வாசப்படி மிதிக்காத" என்று நாத்தனார் சொல்ல, "மிதிச்சா கேளுங்க" என்று கோந்து சொல்ல, அன்றோடு கதவு சாத்தியது சாத்தியதுதான்.

இன்று காலை அவள் எழுந்தபோது தச்சன் கிளம்பிப் போயிருந்தான். நகரத்தின் மறுகோடியில் ஒரு பெரிய கட்டடத்தின் அடித்தளத்தில் அவனுக்கு வேலை. வேலைக்குக் கட்டும் ஏப்ரனைக் கழற்றி நாற்காலியில் எறிந்திருந்தான். கோபமிருந்தாலும் அழுக்கு அழுக்குதானே. துவைக்கலாம் என்று எடுத்தாள். வழக்கம்போல் பைக்குள் கைவிட்டுப் பார்த்தாள். ஒரு பென்சில் துண்டு, கசங்கிய உப்புத்தாள், அப்புறம் ஒரு சின்ன பிளாஸ்டிக் பொட்டலம்.

அவளே கட்டிய பொட்டலம். உள்ளே கட்டையான ஸ்க்ரூக்கள். வாயில் அவள் அடித்த ஸ்டேப்ளர் பின் அப்படியே இருந்தது.

கோந்து அதை வெளிச்சத்தில் பிடித்து, பின்னைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

விஷயம் இதுதான். அந்தப் பேனலுக்கு முன்பக்கமிருந்து முடுக்குகிற ஓர் எஃகுக் கைப்பிடி உண்டு. கைப்பிடியோடு பெட்டியில் வரும் ஸ்க்ரூக்கள் நீளமானவை. அலமாரிக் கதவில் நுனி பின்னால் எட்டிப் பார்த்தால் என்ன, கையைக் கீறும், அவ்வளவுதான். மெஷின் கதவு அப்படியில்லை. பலகைக்குப் பின்னால் ஒரு மெல்லிய பஞ்சுப் பட்டை, பஞ்சுக்குப் பின்னால் கரண்ட் ஒயர். நீள ஸ்க்ரூ அங்கே போய் நின்றால், ஒயரிலிருக்கும் கரண்ட் ஸ்க்ரூவில் ஏறி, கைப்பிடிக்கு வந்துவிடும். அதற்காகத்தான் கட்டையானவற்றைத் தேடியெடுத்துப் பொட்டலம் கட்டி, "இதத்தான் போடணும்" என்று படித்துப் படித்துச் சொல்லியிருந்தாள்.

பொட்டலம் பிரிக்கப்படவில்லை. அப்படியானால் அவன் எதைப் போட்டிருப்பான்?

தச்சனுக்குப் போன் செய்தாள். தொடர்பு கிடைக்கவில்லை. அடித்தளத்தில் எங்கே கிடைக்கும். மறுபடியும் செய்தாள். பிறகு, கைவிரல் கூசக் கூச, நாத்தனாரின் எண்ணைத் தேடி அழுத்தினாள். ஒருமுறை மணியடித்து அறுந்தது. இரண்டாம் முறை அதுவும் இல்லை. நாத்தனார் இவள் எண்ணை எப்போதோ பிளாக் செய்துவைத்திருக்கிறாள்.

ஏப்ரனைத் துவைக்காமல் நாற்காலியிலேயே போட்டாள். பொட்டலத்தையும், ஸ்க்ரூடிரைவரையும், நுனியை வைத்தால் விளக்கெரிந்து கரண்ட் காட்டும் டெஸ்டரையும் கைப்பையில் போட்டுக்கொண்டு கோந்து தெருவில் இறங்கினாள்.

பேருந்தில் உட்கார இடம் கிடைத்தும் அவள் உட்காரவில்லை. உட்கார்ந்தால் வண்டி இன்னும் மெதுவாகப் போகும் என்பதுபோல் ஒரு எண்ணம். ஒவ்வொரு நிறுத்தத்திலும் ஏறுகிறவர்கள் சாவகாசமாக ஏறினார்கள். ஒருவர் படியில் ஒரு காலை வைத்துக்கொண்டு, கீழே நின்றவரிடம் மருமகன் உடம்பைப் பற்றி விசாரித்தார்.

நேற்று மத்தியானம் மாட்டியிருக்கிறான். நேற்று ராத்திரிச் சாப்பாடு ஆகியிருக்கும். பாத்திரம் சேர்ந்திருக்கும். ஈரக் கையோடு நாத்தனார் கைப்பிடியைப் பிடித்திருப்பாள். ஏதாவது ஆகியிருந்தால் இதற்குள் தகவல் வந்திருக்காதா? யார் சொல்லுவார்கள்? இவளுக்கு யார் சொல்லுவார்கள்?

அதற்கு மேல் மனம் இன்னொரு பக்கம் ஓடியது. அக்காவுக்கு ஒன்று ஆகிவிட்டால் தச்சன் உயிரோடு இருந்தும் இல்லாத மாதிரிதான். "தெரிஞ்சே பண்ணிட்டா, அந்தப் பேனலச் செஞ்சது இவதானே" என்று ஊர் சொல்லும். சொல்லட்டும். முதலில் அந்தப் பொம்பளை நல்லபடியாக இருக்கட்டும் என்று நினைத்துக்கொண்டாள். நாத்தனார் நன்றாக இருக்க வேண்டும் என்று அவள் மனதார நினைத்தது அதுதான் முதல் தடவையாக இருக்கும்.

இறங்கியதும் ஓடினாள். தெருமுனையிலேயே அந்த மாடி வீடு தெரிந்தது. வாசலில் கூட்டமில்லை. ஆம்புலன்ஸ் இல்லை. கொடியில் துணி காய்ந்துகொண்டிருந்தது. சுவரைப் பிடித்துக்கொண்டுதான் கதவைத் தட்டினாள்.

நாத்தனார் கதவைத் திறந்தாள். முழுசாக, முறைப்பாக, உயிரோடு.

"யாரு செத்துட்டாங்க?" என்றாள்.

"யாரும் இல்ல அண்ணி."

"அப்புறம் எதுக்கு இங்க வந்து நிக்குற? அவன் எனக்கு ஒரு பலகை மாட்டிக் குடுத்தது பொறுக்கலையா? கழட்டிட்டுப் போக வந்தியா?"

"ஆமா, கழட்டணும். அண்ணி, கோபத்த அப்புறம் வெச்சுக்கலாம். அந்தக் கைப்பிடிய யாரும் தொடாதீங்க. அதுல கரண்ட் வருதுன்னு நெனக்கிறேன்."

நாத்தனார் இவளை ஏற இறங்கப் பார்த்தாள். "நேத்து ராத்திரியும் தொட்டேன், காலையிலயும் தொட்டேன். நான் என்ன ஆவியா நின்னு பேசிட்டிருக்கேனா?"

"ஒண்ணுமே தெரியலயா?"

"லேசா சுருக்குனு இருந்துச்சு. மரச் சிலாம்பு ஏறிடுச்சுன்னு நெனச்சேன். உன் கைவேலைதானே, சிலாம்பு இல்லாம இருந்தாத்தான் அதிசயம்."

வேறொரு நாளாக இருந்தால் இந்த ஒரு வார்த்தைக்கு ஒரு வாரம் பதில் இருந்திருக்கும். இன்று கோந்து அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. சிலாம்பு இல்லை அது. பலகையை அவள் கன்னத்தை வைத்துப் பார்த்து இழைத்திருக்கிறாள்.

"சுருக்குனப்ப வீட்டுல கரண்ட் போச்சா அண்ணி?"

நாத்தனாரின் முகத்தில் முதல்முறையாக ஒரு தயக்கம் வந்தது. "போச்சு. அந்த ட்ரிப்பர் சனியன் விழுந்துக்கிட்டே இருந்துச்சு. நேத்து ராத்திரி விழுந்துச்சு, காலையிலயும் விழுந்துச்சு. அதான் இன்ஜினியர் அத எடுத்துட்டு நேர் கனெக்ஷன் குடுத்துட்டுப் போயிருக்காரு."

இன்ஜினியர் என்பது நாத்தனாரின் கணவர். பேருந்து டிப்போவில் டிக்கெட் மெஷின்களைப் பழுதுபார்க்கிறவர். வீட்டில் எது ரிப்பேரானாலும் வெளியாளை உள்ளே விடமாட்டார் என்பதால் வந்த பட்டம்.

"எடுத்துட்டாரா?" என்றாள் கோந்து.

"எடுத்துட்டாரு. இப்பதான் நிம்மதியா ஓடுது."

இரண்டு முறை இந்தப் பெண்மணி அந்தக் கைப்பிடியைத் தொட்டிருக்கிறாள். இரண்டு முறையும், கரண்ட் கசிந்தால் தானே விழுந்து இணைப்பைத் துண்டிக்கும் அந்த ட்ரிப்பர்தான் அவளைப் பிழைக்கவைத்திருக்கிறது. சனியன் என்று சொல்லி அதைத்தான் பிடுங்கி எறிந்திருக்கிறார்கள்.

"அண்ணி, மெயின் ஸ்விட்ச் எங்க இருக்கு?"

"நீ சொன்னா நான் மெயின அணைக்கணுமா? வா, வந்து நீயே பாரு. இப்ப தொட்டுக் காட்டுறேன்."

நாத்தனார் திரும்பி விறுவிறுவென்று சமையலறைக்கு நடந்தாள். வீம்பு என்று வந்துவிட்டால் அந்தக் குடும்பத்தில் யாருக்கும் கண் தெரியாது, தம்பிக்கும் அப்படித்தான். கோந்து செருப்போடு பின்னால் ஓடினாள்.

சமையலறை பளிச்சென்று இருந்தது. வெளிர்ச் சாம்பல் நிறத்தில் அலமாரிகள், நடுவே அதே நிறத்தில் அவள் இழைத்த பலகை. எங்கே அலமாரி முடிகிறது, எங்கே மெஷின் தொடங்குகிறது என்று தெரியாதபடி அவ்வளவு கச்சிதம். கைப்பிடி மட்டும் மின்னியது. உள்ளே தண்ணீர் சுழலும் சத்தம். தரை இப்போதுதான் துடைத்த ஈரத்தில் பளபளத்தது. நாத்தனார் வெறுங்காலோடு அந்த ஈரத்தில் போய் நின்றாள். பாத்திரத் தொட்டியில் நனைந்த கை, துடைக்காத கை.

"இதோ பாரு" என்று கையை நீட்டினாள்.

கோந்து யோசிக்கவில்லை. பாய்ந்து, நாத்தனாரின் இடுப்பைப் பின்னாலிருந்து கட்டி, முழு பலத்தோடு இழுத்தாள். இருவரும் ஈரத்தில் வழுக்கி, மேசைக் காலில் இடித்து, ஒருவர் மேல் ஒருவராக விழுந்தார்கள். மேசைமேல் இருந்த தட்டு ஒன்று உருண்டு வந்து உடைந்தது.

"தள்ளிவிட்டுட்டாளே. அடிப்பாவி, என் வீட்டுக்கே வந்து என்னையத் தள்ளிவிட்டுட்டாளே."

"திட்டுங்க. ஆனா எழுந்திருக்காதீங்க. அங்கேயே இருங்க."

கோந்து பையிலிருந்து டெஸ்டரை எடுத்தாள். செருப்புக் கால் ஈரத்தில் படாத இடமாகப் பார்த்து நின்று, கையை நீட்டி, டெஸ்டரின் நுனியைக் கைப்பிடியில் வைத்தாள்.

டெஸ்டருக்குள் சிவப்பு விளக்கு எரிந்தது.

எடுத்தாள், அணைந்தது. வைத்தாள், எரிந்தது.

திட்டு பாதியில் நின்றுவிட்டது. நாத்தனாருக்கு டெஸ்டர் என்றால் என்னவென்று தெரியும். இன்ஜினியர் வீட்டில் அது உப்பு ஜாடிக்குப் பக்கத்தில் இருக்கிற சாமான். ஈரத் தரையில் உட்கார்ந்தபடியே அந்தச் சிவப்பைப் பார்த்தாள். பிறகு தன் வலது கையைத் திருப்பிப் பார்த்தாள். முகத்தில் ஈயாடவில்லை.

"மெயின்" என்றாள் கோந்து.

"மாடிப்படிக்குக் கீழ" என்றாள் நாத்தனார், காற்றுக்கும் பேச்சுக்கும் நடுவான குரலில்.

கோந்து ஓடிப்போய் மெயினை இறக்கிவிட்டு வந்தாள். மெஷின் நின்றிருந்தது. மறுபடி டெஸ்டரை வைத்துப் பார்த்தாள், எரியவில்லை. நம்பாமல் இன்னொரு தரம் வைத்துப் பார்த்தாள்.

"பேனல இறக்கணும் அண்ணி. கனமா இருக்கும், ஒருத்தரால முடியாது. கதவப் பாதி தொறந்து நான் உள்ளயிருந்து கழட்டுறேன். நீங்க முன்னாடி தாங்கிக்குங்க. கீழ விட்டுடாதீங்க."

மறுபேச்சில்லாமல் நாத்தனார் எழுந்து வந்தாள். தொடுவதற்கு முன் ஒருமுறை இவளைப் பார்த்தாள்.

"இப்ப தொடலாம். நானும் தொட்டிருக்கேன் பாருங்க."

கதவு பாதி சாய்ந்தது. உள்ளிருந்து வெந்நீர் ஆவியும் சோப்பு வாசனையும் முகத்தில் அடித்தன. கோந்து முழங்காலிட்டு உள்பக்க ஸ்க்ரூக்களை ஒவ்வொன்றாகத் தளர்த்தினாள். மறுபக்கம் நாத்தனார் பலகையை மார்போடு அணைத்துத் தாங்கிக்கொண்டிருந்தாள். பலகை நடுங்கிக்கொண்டே இருந்தது. அது தன் கை நடுக்கம் என்றுதான் கோந்து முதலில் நினைத்தாள். கையை எடுத்த பிறகும் பலகையின் நடுக்கம் நின்றபாடில்லை.

"அவன் நல்லாத்தான் வேலை செய்வான்" என்றது பலகைக்கு அந்தப் பக்கத்துக் குரல். "நேத்து ஒரே அவசரம். தண்ணிகூடக் குடிக்கல. 'அவளுக்குத் தெரியாம வந்திருக்கேன்க்கா, சீக்கிரம் போகணும்'னு வாசலையே பார்த்துப் பார்த்து முடுக்கினான்."

பொண்டாட்டி வாய்க்குப் பயந்து ஒருவன் எந்த ஸ்க்ரூ என்றுகூடப் பார்க்காமல் முடுக்கியிருக்கிறான். அவள் வாய் அவ்வளவு பெரிய வாயா? பெரிய வாய்தான். அதை இப்போது உட்கார்ந்து யோசிக்க நேரமில்லை.

பலகை இறங்கியது. இருவரும் அதைச் சுவரில் சாத்தினார்கள். அதன் முதுகில் இரண்டு ஸ்க்ரூ நுனிகள் கோரைப்பல் மாதிரி நீட்டிக்கொண்டிருந்தன. மெஷின் கதவில் பஞ்சுப் பட்டை கிழிந்திருந்தது. கோந்து அதை விலக்கினாள். பழுப்பு ஒயரின் தோல் உரிந்து, உள்ளே செம்பு தங்கம் போலப் பளபளத்தது.

நாத்தனார் குனிந்து பார்த்தாள். நிமிர்ந்தபோது கண் கலங்கியிருந்தது. அதை மறைக்கவோ என்னவோ, "செருப்போடயே உள்ள வந்துட்ட" என்றாள்.

"அதனாலதான் அண்ணி ரெண்டு பேரும் இருக்கோம்."

சிரிக்க வேண்டிய இடம். இருவருக்கும் சிரிப்பு வரவில்லை. நாத்தனார் ஒரு நாற்காலியை இழுத்து இவள் பக்கம் தள்ளினாள். தான் இன்னொன்றில் உட்கார்ந்தாள். உடைந்த தட்டை யாரும் கூட்டவில்லை. கோந்து பொட்டலத்தைப் பிரித்து, கட்டையான ஸ்க்ரூக்களை மேசையில் கொட்டினாள். எதற்கென்று தெரியாமல் அவற்றை வரிசையாக நிறுத்தினாள்.

அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது. சுவருக்குள், மாடியிலிருந்து இறங்கும் குழாயில் தண்ணீர் குபுகுபுவென்று இறங்கியது. நின்றது. மறுபடி இறங்கியது. ஏதோ மெஷின் அழுக்குத் தண்ணீரை வெளியே தள்ளுகிற சத்தம்.

நாத்தனாரின் கை நாற்காலிச் சட்டத்தை இறுக்கியது.

"என்ன அண்ணி?"

"மாடியில குடியிருக்காங்களே, டீச்சர். அவங்க மெஷினுக்குக் கைப்பிடி இல்லாம இருந்துச்சு. நேத்து என் பழைய கைப்பிடிய அவன்தான் அவங்களுக்குப் போட்டுக் குடுத்தான். போற போக்குல."

"எந்த ஸ்க்ரூ போட்டாரு?"

"எனக்கென்ன தெரியும்? கையில மிச்சம் இருந்ததத்தான் போட்டான்."

கோந்து எழுந்தபோது நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்தது. "அவங்க இன்னைக்குத் தொறந்திருப்பாங்கல்ல? பாத்திரம் அடுக்கத் தொறந்துதானே ஆகணும்?"

"அவங்களுக்குக் கரண்ட்னாலே பயம். எல்லாத்தையும் அடுக்கி, கதவ மூடிட்டு, அப்புறம்தான் சுவத்துல ஸ்விட்ச் போடுவாங்க."

"முடிஞ்சதும்? ஸ்விட்ச அணைச்சிட்டுத் தொறப்பாங்களா?"

"அது தெரியலயே."

"மாடிக்கு ட்ரிப்பர் இருக்கா?"

"கிடையாது. பழைய ஃபியூஸ். கனெக்ஷன் தனி."

இருவரும் படியேறினார்கள். யார் முன்னால், யார் பின்னால் என்றெல்லாம் இல்லை. ஒருவர் கையை ஒருவர் பிடித்து இழுத்துக்கொண்டு ஏறினார்கள். மேலே கதவு உள்பக்கம் தாழிட்டிருந்தது. வாசலில் ஒரு ஜோடி செருப்பு. அழைப்பு மணியை அழுத்தினாள் நாத்தனார். உள்ளே மணி அடிப்பது கேட்டது. ஆளரவம் இல்லை.

"காதுல மாட்டிக்கிட்டுப் பாடம் எடுத்துட்டிருப்பாங்க. கம்ப்யூட்டர்ல" என்றாள். பிறகு உள்ளங்கையால் கதவில் அடித்தாள். "டீச்சர். டீச்சர், நான்தான் கீழ் வீடு."

உள்ளே மெஷின் 'டிங் டிங்' என்று ஒலித்தது. கழுவி முடித்துவிட்டேன் என்கிற மணி. தொடர்ந்து, நாற்காலி ஒன்று பின்னால் நகரும் கிறீச். காலடிகள். அவை கதவுப் பக்கம் வரவில்லை. உள்ளே, உள்ளே போயின.

"ஃபியூஸ் எங்க அண்ணி?"

நாத்தனார் படிக்கட்டுத் திருப்பத்தைக் காட்டினாள். சுவரில் தகரப் பெட்டி. அதில் ஒரு சின்னப் பூட்டு. சாவி இன்ஜினியரிடம், அவர் டிப்போவில். கோந்து ஸ்க்ரூடிரைவரைப் பூட்டு வளையத்துக்குள் விட்டு நெம்பினாள். அசையவில்லை. நாத்தனார் வந்து அவள் கைமேல் தன் கையை வைத்து அழுத்தினாள். கொண்டி பெயர்ந்து தகரக் கதவு பிளந்தது. உள்ளே வெள்ளைப் பீங்கான் ஃபியூஸ்கள் வரிசையாக இருந்தன. எது எதற்கு என்று எழுதவில்லை. கோந்து முதலாவதைப் பிடுங்கினாள். அடுத்ததைப் பிடுங்கினாள். அதற்கடுத்ததையும்.

மாடி வீட்டுக் கதவிடுக்கில் தெரிந்த வெளிச்சம் அணைந்தது.

அதே நேரத்தில், உள்ளே ஒரு கரண்டி தரையில் விழுந்து, உருண்டு, ஓய்ந்தது.

பிறகு ஒன்றுமே கேட்கவில்லை. காலடி இல்லை, குரல் இல்லை. கோந்துவின் கையில் மூன்று ஃபியூஸ்கள் ஒன்றோடொன்று உரசிக் கலகலத்தன.

நாத்தனார் அவள் தோளைப் பற்றினாள். "விளக்கு அணைஞ்சது முதல்லயா, கரண்டி விழுந்தது முதல்லயா?" என்று கேட்டாள்.

கோந்துவுக்குத் தெரியவில்லை. அவள் கதவில் காதை வைத்தாள்.